படச்சுருள் தேடிய தமிழர்: ஏ. கே. செட்டியார்

காந்தியடிகள் கோலூன்றி விரைந்து நடக்கும் காட்சியைத் திரையிற் கண்டிராதவர் இன்று அரியர். பாடசாலை விழாக்களிலும் தொலைக்காட்சியிலும் அக்காட்சி பன்முறை காட்டப்பட்டுள்ளது. அதனைக் காண்பவர் காந்தியடிகளையே காண்கின்றனர்; அதனைப் படம்பிடித்தவர் யாவர் என்று வினவுவதில்லை. பற்பல நாடுகளிற் சிதறிக் கிடந்த அத்தகைய படத்துண்டுகளை முதன்முதலாகத் தேடித் திரட்டி ஒரு முழுப்படமாக்கியவர் யாவர் என்ற வினாவோ எவர் மனத்திலும் எழுவதில்லை. அவ்வினாவுக்குரிய விடை ஒரு தமிழரின் பெயராகும். அப்பணியை மேற்கொண்ட காலத்தில் அவருக்கு இருபத்தாறு வயதும் நிறைந்திருக்கவில்லை. அரசின் உதவியோ பெரும் படநிறுவனத்தின் பின்பலமோ அவருக்கு இருக்கவில்லை.

திரைப்படத் துறையிற் புகழ் பெறுவோர் பெரும்பாலும் நடிகர். அவர்க்கு அடுத்தபடியாக இயக்குநர். சிறுபான்மை ஒளிப்பதிவாளரும் இசையமைப்பாளரும். இவர்க்கெல்லாம் புறத்தே நின்று, பிறர் எடுத்துவைத்த பழைய படச்சுருள்களைத் தேடிக் கண்டு, இன்னது இன்ன ஆண்டில் எடுக்கப்பட்டதெனத் துணிந்து, உரியவரிடம் அனுமதியும் பிரதியும் பெற்று ஒழுங்குபடுத்தும் ஒருவகைத் தொழிலாளரும் உளர். ஏட்டுச்சுவடிகளைத் தேடி ஊரூராக அலைந்த சாமிநாதையர், தாமோதரம்பிள்ளை ஆகியோரின் தொழிலுக்கு நெருங்கிய உறவுடைய தொழில் இது. சுவடி தேடியவர்க்குக் கறையான் பகையாயிற்று; சுருள் தேடியவர்க்குத் தீயும் இரசாயன மாற்றமும் வாணிகரின் அசட்டையும் பகையாயின.

மேல்நாட்டில் இத்துறையின் முன்னோடியாகக் கருதப்படுபவர் எஸ்ஃபிர் ஷுப் என்னும் உருசிய அம்மையார். இவர் 1927-ஆம் ஆண்டில், சார் மன்னரின் அரண்மனைக்காக எடுக்கப்பட்ட படங்களையும் பழைய செய்திப்படங்களையும் கொண்டே ‘ரோமானோவ் வமிசத்தின் வீழ்ச்சி’ என்ற படத்தைத் தொகுத்தார். பிறர் எடுத்துவைத்த சுருள்களைக் கொண்டே ஒரு வரலாற்றைச் சொல்ல முடியும் என்பதை அப்படம் காட்டிற்று. பத்தாண்டு கழித்து ஏறத்தாழ அதே வழியிற் சென்றவரே ஏ. கே. செட்டியார் என அறியப்பட்ட கருப்பன் செட்டியார். ஒரு வேற்றுமை உண்டு. ஷுப் அம்மையாருக்கு வேண்டிய சுருள்கள் பெரும்பாலும் அவருடைய நாட்டிலேயே, அரசின் கைவசமே இருந்தன. செட்டியாருக்கு வேண்டியவையோ அன்னிய நாட்டுக் கம்பனிகளின் பெட்டகங்களில் இருந்தன. அவருடைய கதைத் தலைவரோ அக்கம்பனிகளிற் பலவற்றுக்குத் தாயகமான பேரரசை எதிர்த்து நின்றவர்.

செட்டியார் 1911-ஆம் ஆண்டு நவம்பர் 3-ஆந் தேதி செட்டிநாட்டில், காரைக்குடியை அடுத்த கோட்டையூரிற் பிறந்தார். நாட்டுக்கோட்டை நகரத்தார் என்றதும் ஈழத்தவர்க்கு நினைவில் எழுவது கொழும்புச் செட்டியார் தெருவும் அங்குள்ள கதிரேசன் கோயில்களும் ஆடிவேல் விழாவுமே. வட்டித்தொழிலும் திருப்பணியுமே அவர்தம் அடையாளம் என்று எண்ணுவோர், கோட்டையூர் என்னும் சிற்றூரைச் சிறிது நோக்குதல் தகும். பழந்தமிழ் நூல்களையும் இதழ்களையும் துண்டுப்பிரசுரங்களையும் வாழ்நாளெல்லாம் சேர்த்து வைத்த ரோஜா முத்தையா செட்டியாரும் அவ்வூரினரே. அவரது சேகரிப்பே பின்னர்ச் சென்னையில் ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகமாக வளர்ந்தது. ஐந்தொகையும் பேரேடும் பேணிப் பழகிய ஒரு சமூகத்தில், சிறு தாளையும் எறியாது வைக்கும் வழக்கம் இருந்தமை வியப்பன்று. ஆயினும் அவ்வழக்கத்தை வரவுசெலவுக் கணக்கினின்றும் பிரித்து வரலாற்றுக்குத் திருப்பியவர் மிகச் சிலரே.

திருவண்ணாமலையிற் பள்ளிப்படிப்பை முடித்த செட்டியார் இளமையிலேயே எழுதத் தொடங்கினார். பர்மாவில் நகரத்தாருக்காக வெளிவந்த ‘தனவணிகன்’ என்ற இதழின் ஆசிரியராகவும் பணியாற்றினார். ஆயினும் பத்திரிகைத் தொழில் அவருக்கு அமைதி தரவில்லை போலும். படம்பிடிக்கும் கலையை முறையாகக் கற்க விரும்பி ஜப்பானுக்குச் சென்று டோக்கியோவிற் பயின்றார். பின்னர் அமெரிக்கா சென்று நியூயோர்க்கிலும் அக்கல்வியைத் தொடர்ந்தார். தனவணிகர் குலத்து இளைஞர் கடல் கடப்பது அக்காலத்திற் புதுமையன்று. புகைப்படங் கற்பதற்கென்று கடல் கடந்ததுதான் புதுமை.

நியூயோர்க்கிலிருந்து அயர்லாந்தின் டப்ளின் நகருக்கு அவர் கப்பலேறிச் சென்றுகொண்டிருந்தபோது 1937-ஆம் ஆண்டு ஒக்டோபர் 2-ஆந் தேதி வந்தது. அது காந்தியடிகளின் பிறந்த நாள். நடுக்கடலில், அன்றைய தினம், காந்தியடிகளைப் பற்றி ஒரு விவரணப்படம் எடுக்கவேண்டும் என்ற எண்ணம் தமக்குத் தோன்றியதாக அவர் பிற்காலத்தில் எழுதியுள்ளார். கையிற் பெருமுதல் இல்லை. படநிறுவனம் எதுவும் அமையவில்லை. விவரணப்படம் என்ற சொல்லே இந்தியாவில் வழங்கத் தொடங்கியிராத காலம். திரைப்படம் என்றால் புராணக் கதை, பாட்டு, நாடக மேடையின் நகல் என்றே மக்கள் கருதியிருந்தனர். தமிழின் முதற் பேசும்படமான ‘காளிதாஸ்’ வெளிவந்து ஆறு ஆண்டுகளே ஆகியிருந்தன.

இங்கு ஒன்றைக் கருதல் வேண்டும். 1937-இல் காந்தியடிகளுக்கு வயது 68. அவரை இனித்தான் படம்பிடிக்க வேண்டும் என்று செட்டியார் புறப்பட்டிருப்பாராயின் ஆச்சிரமத்து முதியவர் ஒருவரின் படமே கிடைத்திருக்கும். தென்னாபிரிக்காவிற் போராடிய வழக்கறிஞரும், 1930-இல் தண்டிக்கு நடந்த தலைவரும், 1931-இல் லண்டன் வட்டமேசை மாநாட்டுக்குச் சென்று அங்கே டார்வென் நகரின் நெசவாலைத் தொழிலாளரிடையே நின்ற விருந்தினரும் அதில் இடம்பெற்றிருக்க மாட்டார்கள். கடந்துபோன காந்தியைப் புதிதாக எடுக்க இயலாது. எவரேனும் எடுத்து வைத்திருந்தால் தேடிப் பெறலாம். இவ்வுண்மையை உணர்ந்தமையே செட்டியாரின் தனிச்சிறப்பு. அவருடைய காலத்து இந்தியப் படத்தொழிலாளர் வேறு எவரும் இதனை இத்துணைத் தெளிவாக உணர்ந்ததாகத் தெரியவில்லை.

எடுத்து வைத்திருந்தவர் யாவர்? பெரும்பாலும் செய்திப்படக் கம்பனியார். தொலைக்காட்சி தோன்றுமுன், திரையரங்குகளில் முதன்மைப் படத்துக்கு முன்னே உலகச் செய்திகளைக் காட்டும் சிறு சுருள்கள் ஓடின. பதே, கோமோன், மூவிடோன் முதலிய கம்பனிகள் இவற்றை வாரந்தோறும் வெளியிட்டன. ஓர் இதழில் அரசரின் ஊர்வலம், குதிரைப் பந்தயம், கப்பல் வெள்ளோட்டம், இவற்றினிடையே இந்தியாவில் ஒரு கூட்டம் என்றவாறு காட்சிகள் கோக்கப்பட்டிருக்கும். காந்தியடிகள் தோன்றுவது சில வினாடியே. வாரம் கழிந்ததும் அச்சுருளுக்கு வாணிக மதிப்பு இல்லை. தகரப் பெட்டியில் இட்டுப் பெட்டகத்தில் வைப்பர், இன்றேல் அழித்துவிடுவர். வைத்தவற்றிலும் பெயர் பிழையாக எழுதப்படுவது உண்டு. தேடுபவர் ஆண்டையும் நிகழ்ச்சியையும் முன்னரே ஆராய்ந்து சென்று, குறிப்பேடுகளைப் புரட்டி, ஐயத்துக்குரிய சுருள் ஒவ்வொன்றையும் ஓட்டிப் பார்த்தல் வேண்டும். வேண்டிய துண்டு கிடைத்தால், அதன் உரிமையாளர் அடிக்கு இவ்வளவு என விலை கூறுவார். பணங் கொடுத்து அதற்குப் பிரதி எடுத்தல் வேண்டும். பிரதியிலிருந்து பிரதி எடுக்குந்தோறும் உருவம் சிறிது மங்கும் ஆதலின் மூலத்துக்கு எவ்வளவு அண்மையிற் செல்ல முடியுமோ அவ்வளவு அண்மையிற் செல்லவேண்டும். ஆவணம் தேடும் வரலாற்று மாணவனின் ஒழுக்கமே இது.

சென்னையில் ‘டாக்குமெண்டரி பிலிம்ஸ் லிமிட்டெட்’ என்ற கம்பனி நிறுவப்பட்டது. பாரிசிற் பயின்ற டாக்டர் பி. வி. பதி ஒளிப்பதிவில் துணை நின்றார். இந்திய விவரணப்படத் துறையின் முன்னோடியாகப் பின்னர்ப் போற்றப்பட்டவர் இவர். ஆசியா, ஐரோப்பா, ஆபிரிக்கா, அமெரிக்கா ஆகிய நிலப்பகுதிகளைத் தழுவிய பயணங்களாலும் கடிதப் போக்குவரத்தாலும் செட்டியார் சுருள்களைச் சேர்த்தார். காந்தியடிகள் இருபத்தோராண்டு தொடர்புகொண்டிருந்த தென்னாபிரிக்காவுக்கும் சென்றார். ஏறத்தாழ முப்பது ஆண்டுக் காலத்தில் ஏறத்தாழ நூறு ஒளிப்பதிவாளர் எடுத்த காட்சிகள் இவ்வாறு ஒன்றுசேர்ந்தன. அந்த நூற்றுவரிற் பெரும்பாலார் பெயர் எங்கும் பொறிக்கப்படவில்லை. அவர்களுட் காந்தியடிகளை விரும்பியவரும் இருந்திருப்பர், வெறுத்தவரும் இருந்திருப்பர். கம்பனி ஏவியது, சென்று எடுத்தனர். கேலிக்காக எடுக்கப்பட்ட காட்சியும் பிறிதொரு காட்சியின் அருகே வைக்கப்படும்போது சான்றாகிவிடும். தொகுப்பவனின் கலை அங்கேதான் உளது.

சேர்ந்தவற்றுள் விலைமதிக்கவொண்ணாதது 1912-ஆம் ஆண்டுக் காட்சி எனலாம். அவ்வாண்டு ஒக்டோபர் மாதம் கோபால கிருஷ்ண கோகலே தென்னாபிரிக்கா சென்று, ஆங்கு இந்தியர் படும் துன்பங்களை நேரிற் கண்டார். அவரை ஊர்தோறும் அழைத்துச் சென்றவர் காந்தியடிகள். அவ்வரவேற்பைப் படம்பிடித்த ஒருவரின் கருவியில், கோகலேயை நோக்கித் திருப்பப்பட்ட கருவியில், காந்தியடிகளும் அகப்பட்டார். உலகம் பிற்காலத்தில் அறிந்த அரையாடைத் துறவி அங்கில்லை. அவர் மகாத்மா என்ற பெயர் பெறுவதற்கு முற்பட்ட காட்சி அது. அவரை எடுக்கவேண்டும் என்று எவரும் கருதாமலே எடுக்கப்பட்டது. பழைய சுருள்களிற் பெரும் புதையல்கள் பெரும்பாலும் இவ்வாறே, காட்சியின் ஓரத்திலேதான் கிடக்கின்றன.

மௌனப்பட காலத்துக் காட்சிகளைப் பேசும்படத்தோடு இணைப்பதில் ஒரு நுட்பமான இடர் உண்டு. சாதாரண 35 மில்லிமீற்றர் சுருளில் ஓர் அடிக்கு 16 தனிப்படங்கள் அடங்கும். மௌனப்படங்கள் வினாடிக்கு ஏறத்தாழ 16 தனிப்படங்கள் வீதம், கையாற் சுழற்றி எடுக்கப்பட்டன; அஃதாவது வினாடிக்கு ஓர் அடி. பேசும்படம் வந்தபின் வேகம் 24 ஆக நிலைபெற்றது. அஃதாவது வினாடிக்கு ஒன்றரை அடி. பழையதைப் புதிய கருவியில் அப்படியே ஓட்டினால் எல்லாரும் ஒன்றரை மடங்கு வேகத்தில் ஓடுவர். துயர ஊர்வலமும் நகைச்சுவையாகிவிடும். சில தனிப்படங்களை இரட்டித்து அச்சிடுவதே இதற்குரிய பரிகாரம். காந்தியடிகளோ இயல்பாகவே விரைந்து நடப்பவர். திரையில் அவர் நடையின் வேகத்தில் அவருடையது எவ்வளவு, கருவியினுடையது எவ்வளவு என்று கணக்கிடுதல் எளிதன்று.

திரட்டிய சுருளின் நீளம் ஏறத்தாழ 50,000 அடி. வெளியிட்ட படத்தின் நீளம் ஏறத்தாழ 12,000 அடி. மேற்கூறிய கணக்கின்படி முன்னது ஒன்பதே கால் மணிநேரம் ஓடக்கூடியது. பின்னது இரண்டே கால் மணிநேரத்துக்குச் சற்றுக் குறைவு. நான்கில் மூன்று பங்குக்கு மேல் விலக்கப்பட்டது. உலகெங்கும் அலைந்து, அடிக்கணக்கில் விலை கொடுத்து வாங்கிய பொருளை இவ்வாறு தள்ளிவிட மனவலிமை வேண்டும். சேகரிப்பவர்க்குச் சேர்த்ததெல்லாம் காட்டவேண்டும் என்ற ஆசை இயல்பு. செட்டியாரிடம் சேகரிப்பவரும் இருந்தார், அவரைக் கட்டுப்படுத்தும் பத்திரிகாசிரியரும் இருந்தார். காந்தியடிகளின் வரலாற்றை விட்டல்பாய் ஜாவேரி ஐந்தரை மணிநேரப் படமாக 1968-இல் தொகுத்தார். அதற்குக் காந்தி நினைவு நிதியின் துணையும் சுதந்திர அரசின் படப்பிரிவினது துணையும் இருந்தன. இருபத்தெட்டு ஆண்டு முன்னதாக, ஆங்கில ஆட்சியின்கீழ், தனியார் முதலில் அத்துறையில் வழிவகுத்தவர் செட்டியார் என்பதை ஒப்பிட்டு உணர்தல் வேண்டும்.

படம் 1940-ஆம் ஆண்டு ஓகஸ்ட் 23-ஆந் தேதி, தமிழ் விளக்கவுரையுடன், சென்னையில் வெளியிடப்பட்டது. இரண்டாம் உலகப்போர் தொடங்கி ஓராண்டு ஆகும் நேரம். கொங்கிரஸ் மந்திரிசபைகள் பதவி துறந்துவிட்ட காலம். தெலுங்கிலும் படம் வந்தது. 1942-இல் ‘வெள்ளையனே வெளியேறு’ இயக்கம் எழுந்தபின் காந்தியடிகளின் பெயரைத் தாங்கிய எப்படத்தையும் வெளிப்படையாகக் காட்டுதல் அரிதாயிற்று. 1947-இல் இந்தியா விடுதலை பெற்ற நாட்களிலே ஹிந்தி உரையுடன் டில்லியிற் காட்டப்பட்டது. பின்னர்ச் செட்டியார் அமெரிக்கா சென்றார். அங்கு சுருக்கித் திருத்தப்பெற்ற ஆங்கில வடிவம் ‘மகாத்மா காந்தி: இருபதாம் நூற்றாண்டின் தீர்க்கதரிசி’ என்னும் பெயருடன் 1953-இல் வெளிவந்தது. பத்திரிகையாளர் குவென்டின் ரேனால்ட்ஸ் அதற்குக் குரல் தந்தார். இயக்குநர் என ஸ்டான்லி நீல் என்பவரின் பெயர் குறிக்கப்படுகிறது. பட அட்டவணைகளில் அப்படத்தைத் தேடுவோர் முதலிற் காண்பது இவ்விரு பெயர்களையே.

ஈழத்துத் தமிழர்க்குக் காந்தியடிகள் செய்திப்படத்தில் மட்டும் கண்ட உருவமல்லர். 1927-ஆம் ஆண்டு நவம்பரில் அவர் இலங்கைக்கு வந்தார். யாழ்ப்பாண மாணவர் கொங்கிரசாரின் முயற்சியால் வடபுலத்துக்கும் வந்து கதர் நிதி பெற்றுச் சென்றார். அப்போது செட்டியார் பதினாறு வயதுச் சிறுவர். அக்காலத்தில் இரு நாட்டுக்கும் இடையே போக்குவரவு எளிதாயிருந்தது. 1914-ஆம் ஆண்டு தொட்டுத் தனுஷ்கோடிக்கும் தலைமன்னாருக்கும் இடையே கப்பல் ஓடிற்று; சென்னையிலே ரயிலேறியவர் தலைமன்னார்த் துறையில் மீண்டும் ரயிலேறிக் கொழும்பு சேர்ந்தார். மாந்தை, நானாட்டான், முருங்கன் பகுதி மக்களுக்குத் தமிழகம் தென்னிலங்கையைக் காட்டிலும் அண்மையில் இருந்ததென்று சொன்னாலும் மிகையாகாது. 1970-களில் இறக்குமதிக் கட்டுப்பாடுகள் வரும்வரை தமிழகத்துச் சஞ்சிகைகள் இலங்கையில் தாராளமாக வாசிக்கப்பட்டன. எனவே செட்டியாரின் பெயரை ஈழத்து வாசகர் படத்தின் வாயிலாகவன்றி எழுத்தின் வாயிலாக அறிந்திருத்தலே இயல்பு.

எழுத்திலும் அவர் செய்தது ஏறத்தாழ அதே தொழிலே. 1943-இல் ‘குமரி மலர்’ என்ற இதழைத் தொடங்கி, 1983-இல் தாம் மறையும்வரை நாற்பதாண்டுக் காலம் நடத்தினார். அதிற் புதியன வந்தன. ஆயினும் அதன் உயிர்நிலை பழையனவற்றில் இருந்தது. மறைந்துபோன பத்திரிகைகளிலும் கிடைத்தற்கரிய நூல்களிலும் புதைந்திருந்த கட்டுரைகளை அவர் தோண்டியெடுத்து மறுபதிப்புச் செய்தார். பாரதியார், வ. உ. சிதம்பரம்பிள்ளை காலத்துச் செய்திகள் பல இவ்வாறு வெளிச்சம் பெற்றன. 1968-இல் அவர் தொகுத்த ‘தமிழ்நாடு’ என்ற பெருநூல், பத்தொன்பதாம் நூற்றாண்டு முதல் பலர் எழுதிய பயணக் கட்டுரைகளின் திரட்டு. பற்பலர் பற்பல நோக்கத்தில் எழுதிய துண்டுகளை ஊர் முறையிற் கோத்துத் தமிழகத்தின் படம் ஒன்றைக் காட்டுகிறது அந்நூல். காந்திப் படத்தை அவர் தொகுத்த முறையும் இதுவே. ‘உணவு’ என்னும் திரட்டும் இவ்வகையைச் சேர்ந்தது.

‘ஜப்பான்’, ‘உலகம் சுற்றும் தமிழன்’, ‘பிரயாண நினைவுகள்’, ‘மலேயா முதல் கனடா வரை’, ‘கரிபியன் கடலும் கயானாவும்’, ‘குடகு’ முதலியன அவர் தாமே எழுதிய பயண நூல்கள். சுருக்கமும் மெல்லிய நகையும் அவற்றின் பண்பு. பயண நூலாசிரியர் பலர் நாட்டைக் காட்டுவதாகத் தொடங்கித் தம்மையே காட்டி முடிப்பர். செட்டியார் கருவியின் பின்னே நிற்கும் ஒளிப்பதிவாளர் போலத் தம்மை மறைத்துக்கொண்டார். தம்முடைய படம் அச்சிடப்படுவதையும் அவர் விரும்பியவரல்லர். ஆயிரக்கணக்கான அடிகளில் மற்றொருவரைத் தேடிய மனிதரின் முகம் அரிதாகவே காணப்படுகிறது.

இவ்வடக்கத்தைப் போற்றாதார் இலர். எனினும் ஆவணத் துறையில் இஃது ஒரு குறை என்றும் சொல்லத் துணியலாம். ஒரு பழைய படத்துண்டு யாரால், எங்கே, யாரிடமிருந்து பெறப்பட்டது என்பதும் அத்துண்டின் வரலாற்றிற் சேர்ந்ததே. ஏட்டுச்சுவடி கிடைத்த ஊரையும் கொடுத்தவர் பெயரையும் பதிப்பாசிரியர் முகவுரையிற் கூறுவது தற்பெருமைக்காகவன்று, பின்வருவோர் சரிபார்ப்பதற்காக. கண்டெடுத்தவர் பெயர் மறையின் கண்டெடுத்த வழியும் மறையும். நல்வேளையாகச் செட்டியார் இதனை முற்றாக விட்டுவிடவில்லை. படம் உருவான கதையைக் ‘குமரி மலரில்’ கட்டுரைகளாக எழுதினார். அவற்றை ஆய்வாளர் ஆ. இரா. வேங்கடாசலபதி தொகுத்து ‘அண்ணல் அடிச்சுவட்டில்’ என்னும் நூலாகப் பதிப்பித்தார். அஃது ஆங்கிலத்திலும் பெயர்க்கப்பட்டுள்ளது. படத்தைக் காணாத தலைமுறைக்குப் படத்தைப் பற்றிய அறிவை அந்நூலே தந்தது.

படத்தைக் காணாத தலைமுறை என்றது ஏனெனின், 1940-இல் வெளிவந்த தமிழ்ப் படத்தின் முழுப்பிரதி பின்னர்க் கிடைக்கவில்லை. 1950-களின் தொடக்கம் வரை 35 மில்லிமீற்றர்ச் சுருள்கள் பெரும்பாலும் செலுலோஸ் நைத்திரேற்று என்னும் பொருளாற் செய்யப்பட்டன. வெடிமருந்தின் இனத்தைச் சேர்ந்தது அது. எரிவதற்கு வேண்டிய ஒட்சிசனை அதுவே தருவதால் நீருக்குள்ளும் அணையாது எரியும். எரியாவிடினும் தானே சிதையும்: முதலில் உருவம் மஞ்சளிக்கும், பின்னர்ச் சுருள் பிசுபிசுத்து ஒட்டிக்கொள்ளும், இறுதியிற் பழுப்புத் தூளாகும். வெப்பமும் ஈரமும் மிக்க நாடுகளில் இது விரைந்து நிகழும். அதற்குப் பின் வந்த அசெற்றேற்றுச் சுருளும் நிலைத்ததன்று. பழுதுறும்போது வினாகிரி மணம் வீசத் தொடங்கும். தமிழின் முதற் பேசும்படமான ‘காளிதாஸ்’ இன்று இல்லை. அதற்கு முந்திய ‘கீசகவதம்’ முதலிய மௌனப்படங்களும் இல்லை. இந்தியாவில் தேசியத் திரைப்பட ஆவணக்காப்பகம் 1964-ஆம் ஆண்டிலேதான் புனேயில் அமைக்கப்பட்டது. அதன் நைத்திரேற்றுச் சுருள்கள் பல 2003-ஆம் ஆண்டு ஜனவரி மாதம் மூண்ட தீயில் அழிந்தன.

இலங்கையில் இவ்வழிவுகளின் கணக்கு வேறு வகையானது. 1981-இல் யாழ்ப்பாணப் பொதுநூலகம் எரிக்கப்பட்டபோது ஏறத்தாழ 97,000 நூல்களும் சுவடிகளும் போயின. செட்டியார் காலமான 1983-ஆம் ஆண்டிலேயே, ஜூலைக் கலவரத்தின்போது, கொழும்பை அடுத்த ஹெந்தளையில் இருந்த விஜயா ஸ்டூடியோ எரிக்கப்பட்டது. ஈழத்துத் தமிழ்ப் படங்களின் மூலச்சுருள்களைத் தேடுவோர் இந்த ஆண்டுகளை வந்தடைந்து நிற்கின்றனர். மன்னார்ப் பகுதியைப் பற்றியும் ஒரு சொல் சொல்லலாம். 1964-இல் வந்த புயல் தனுஷ்கோடியை அழித்தது. பின்னர் இராமேசுவரத்துக்கு மாற்றப்பட்ட கப்பற் சேவையும் 1980-களில் நின்றது. போரில் அழிந்த தலைமன்னார் ரயில்பாதை 2015-இல் மீண்டும் திறக்கப்பட்டது. ஐம்பது ஆண்டுக் காலம் நாள்தோறும் நிகழ்ந்த அப்பயணத்தை, புகைவண்டியினின்று இறங்கிக் கப்பல் ஏறிய மக்களின் கூட்டத்தை, இன்றைய மாணவர் காணவேண்டுமாயின் குடும்பப் புகைப்படங்களையும் அன்னிய நாட்டுப் படக்காப்பகங்களையுமே நாடவேண்டும். 1912-ஆம் ஆண்டுக் கோகலே காட்சியிற் போல, வேறு எதையோ எடுக்கச் சென்ற ஒருவரின் சுருளின் ஓரத்தில் அத்துறைமுகம் கிடக்கக்கூடும். தேடுவதற்குச் செட்டியார் பயன்படுத்திய முறையைக் காட்டிலும் வேறு முறையும் இல்லை: நிகழ்ச்சியின் நாளை முதலில் நிச்சயித்தல், அந்நாளில் அங்கே கருவியுடன் இருந்திருக்கக்கூடியவர் யாவர் என ஆராய்தல், அவர்தம் பெட்டகத்தின் கதவைத் தட்டுதல்.

செட்டியாரின் படத்தை அவ்வாறே தேடியவர் வேங்கடாசலபதி. தமிழகத்திற் பல்லாண்டு தேடியும் கிடைக்காத படத்தின் சுருங்கிய ஆங்கில வடிவம் 2006-ஆம் ஆண்டளவில் அமெரிக்கப் பல்கலைக்கழகச் சேகரிப்பில் இருப்பதை அவர் கண்டறிந்தார். முப்பதாண்டுகளில் நூறு பேர் எடுத்தவற்றிலிருந்து கோட்டையூர்ச் செட்டியார் தேர்ந்தெடுத்த காட்சிகள் அதில் ஓடுகின்றன. அமெரிக்கர் ஒருவரின் குரல் அவற்றை ஆங்கிலத்தில் விளக்குகிறது. 1940-இல் சென்னை அரங்கில் ஒலித்த தமிழ் விளக்கவுரை அதில் இல்லை.